மூட்டை தூக்குபவரின் பெயர் பதிவேட்டில் ஏற வேண்டும்: டெல்டா சுமைப்பணித் தொழிலாளர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

காவிரி டெல்டாவில் விளையும் நெல் ரேஷன் கடை அரிசியாகும் வரை பல தோள்கள் மாறுகிறது. கொள்முதல் நிலையத்தில் எடை போட்டு லாரியில் ஏற்றுபவர்கள், கிடங்கில் இறக்கி அடுக்குபவர்கள், நீடாமங்கலத்திலும் தஞ்சாவூரிலும் சரக்கு ரயிலில் ஏற்றுபவர்கள், அரவை ஆலையில் இறக்குபவர்கள் என்று வரிசை நீள்கிறது. திருச்சி காந்தி மார்க்கெட்டிலும், கும்பகோணத்தை ஒட்டிய தாராசுரம் காய்கறி மார்க்கெட்டிலும், பட்டுக்கோட்டைத் தேங்காய் மண்டிகளிலும் இதே வேலைதான். இவர்களில் மிகப் பெரும்பாலோரிடம் நியமன உத்தரவு கிடையாது, சம்பளச் சீட்டு கிடையாது. இருபது ஆண்டுகள் மூட்டை தூக்கியவர் ஒருநாள் கீழே விழுந்தால், அவர் இந்த வேலையைத்தான் செய்தார் என்று காட்ட ஒரு தாள்கூட வீட்டில் இருப்பதில்லை. தொழிலாளர் நல வாரியத்தில் பதிவு செய்வதை நான் இவ்வளவு வற்புறுத்துவதற்குக் காரணம் அதுதான். உதவித்தொகை இரண்டாவது, முதலில் அந்தத் தாள் வேண்டும்.

சுமை தூக்குபவர்களைப் பதிவு செய்யும் சட்டம் எது?

1982-ஆம் ஆண்டின் தமிழ்நாடு உடலுழைப்புத் தொழிலாளர்கள் சட்டம். வேலையை ஒழுங்குபடுத்துவதும் பணி நிலைமைகளைச் சீராக்குவதும் அதன் நோக்கம். அந்தச் சட்டத்தின் அட்டவணையில் இடம்பெற்ற தொழில்களில் ஏற்று இறக்கு வேலையும் ஒன்று. 1999-இல் தமிழ்நாடு உடலுழைப்புத் தொழிலாளர்கள் சமூகப் பாதுகாப்பு மற்றும் நல வாரியம் அமைக்கப்பட்டது. சுமைப்பணித் தொழிலாளர்கள் இதில்தான் உறுப்பினர் ஆகிறார்கள். மாவட்டத்தில் இதைக் கவனிப்பவர் தொழிலாளர் உதவி ஆணையர் (சமூகப் பாதுகாப்புத் திட்டம்). தஞ்சாவூர், திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறை, திருச்சிராப்பள்ளி என்று எந்த மாவட்டமானாலும் தேட வேண்டியது அந்த அலுவலகத்தைத்தான்.

இந்தச் சிந்தனை துறைமுகத்திலிருந்து வந்தது. கப்பல் வந்தால் வேலை, வராவிட்டால் பட்டினி என்றிருந்த துறைமுகத் தொழிலாளர்களைப் பதிவேட்டில் ஏற்றி வேலையை முறைப்படுத்த 1948-இல் மத்திய அரசு ஒரு சட்டம் இயற்றியது. பிறகு மகாராஷ்டிரம் 1969-இல் 'மாத்தாடி' என்று அங்கே அழைக்கப்படும் சுமை தூக்கும் தொழிலாளர்களுக்கும், கேரளம் 1978-இல் தலைச்சுமைத் தொழிலாளர்களுக்கும் தனிச் சட்டம் கொண்டுவந்தன. தமிழ்நாட்டின் 1982 சட்டம் அதே வரிசையில் வருவது.

எனக்கு முதலாளி என்று யாரும் இல்லை. லாரி வந்தால் பத்துப் பேர் சேர்ந்து தூக்குவோம், கூலியைப் பங்கு பிரிப்போம். நான் சட்டப்படி தொழிலாளியா?

ஆம். சட்டம் உடலுழைப்புத் தொழிலாளியை அகலமாகவே பார்க்கிறது. நேரடியாக வேலைக்கு எடுக்கப்பட்டவரும் அதில் வருவார், இடையாள் மூலம் வந்தவரும் வருவார். ஒரே வணிகரிடம் நிரந்தரமாக இருக்க வேண்டும் என்ற நிபந்தனை இல்லை. மாதச் சம்பளம் வேண்டும் என்றும் இல்லை. மூட்டைக்கு இவ்வளவு என்று வாங்கும் கூலியும் கூலிதான்.

இந்தக் கேள்வி பிறப்பதற்கு ஒரு பின்னணி உண்டு. மண்டிக்காரர் "இவர்கள் என் ஆட்கள் இல்லை, லாரிக்காரர் கூட்டி வந்தவர்கள்" என்பார். லாரிக்காரர் "மண்டி ஆட்கள்" என்பார். மேஸ்திரியோ தானும் சும்மாடு கட்டித் தூக்குகிற தொழிலாளிதான். அவரை முதலாளி என்று சொல்ல முடியாது. இப்படி எல்லோரும் கைகாட்டிவிட்டு நகரும் இடத்தில் நிற்பவருக்காகத்தான் இந்தச் சட்டமே எழுதப்பட்டது. எனவே "எனக்கு முதலாளி இல்லையே" என்று தயங்கி வீட்டில் உட்கார்ந்துவிடாதீர்கள்.

வயது வரம்பு என்ன? என்னென்ன தாள்கள் வேண்டும்?

18 வயது நிறைந்திருக்க வேண்டும். 60 வயதைத் தாண்டியிருக்கக் கூடாது. ஆதார், குடும்ப அட்டை, உங்கள் பெயரிலுள்ள வங்கிக் கணக்குப் புத்தகம், புகைப்படம், வயதுக்கான சான்று, பணிச்சான்று ஆகியவை தேவை. நியமனதாரர், அதாவது நீங்கள் இறந்தால் உதவியைப் பெற வேண்டியவர், யார் என்றும் எழுத வேண்டும். விண்ணப்பம் இப்போது இணையவழியில் செல்கிறது. ஆதாருடன் இணைந்த கைபேசி எண் நடப்பில் இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். பழைய எண்ணைத் தொலைத்துவிட்டு இ-சேவை மையத்தில் நிற்பவர்கள்தான் அதிகம்.

ஆதாரில் உள்ள பிறந்த தேதியையும் கவனியுங்கள். பிறப்புச் சான்றோ பள்ளிச் சான்றோ இல்லாத பலருக்கு ஜனவரி 1 என்று போட்டு, ஆண்டைத் தோராயமாக எழுதியிருக்கிறார்கள். வாக்காளர் அட்டையில் ஒரு வயது, ஆதாரில் வேறு வயது என்றால் விண்ணப்பம் அங்கேயே நின்றுவிடும். ஓய்வூதியமும் இந்தத் தேதியை வைத்துத்தான். திருத்த வேண்டியிருந்தால் பதிவுக்கு முன்பே திருத்திவிடுவது நல்லது.

பணிச்சான்று யார் தருவார்? எல்லோரும் கைவிரிக்கிறார்களே?

வேலையளிப்பவர் தரலாம்; பதிவு பெற்ற தொழிற்சங்கம் தரலாம்; கிராம நிர்வாக அலுவலரும் சான்றளிக்கலாம். எழுத்தில் இவ்வளவு எளிது. நடப்பில், பதிவாகாமல் திரும்புபவர்களில் பெரும்பகுதியினர் இந்த ஒரு தாளில்தான் இடறுகிறார்கள்.

வணிகர் ஏன் தயங்குகிறார்? கையெழுத்துப் போட்டால் நாளை வருங்கால வைப்பு நிதி கேட்பார், வேலையை நிரந்தரமாக்கச் சொல்வார் என்று பயப்படுகிறார். இந்த ஆள் இன்ன வகை வேலை செய்கிறார் என்பதைத்தான் சான்று சொல்கிறது. அதனாலேயே யாரும் நிரந்தர ஊழியராகிவிடுவதில்லை. இதைப் பொறுமையாக எடுத்துச் சொன்னால் கையெழுத்திடும் மண்டிக்காரர்கள் இருக்கிறார்கள்.

கிராம நிர்வாக அலுவலரின் தயக்கம் வேறு. குடியிருப்பது கொரடாச்சேரி அருகே ஒரு கிராமம், வேலை செய்வது திருவாரூர் கிடங்கில் என்றால், "நீ மூட்டை தூக்குவதை நான் பார்த்ததில்லையே" என்கிறார். அந்த வேலையே செய்யாதவர்களும் சான்று கேட்டு வருவதால் அவர் எச்சரிக்கையாக இருப்பதில் நியாயம் இருக்கிறது. பொய்ச் சான்றில் உறுப்பினராகும் ஒவ்வொருவரும் உண்மைத் தொழிலாளியின் மீது சந்தேகத்தைக் கூட்டிவிட்டுப் போகிறார். வெறுங்கையோடு போய்க் கேட்பதைவிட, வேலை இடத்தின் வணிகர்கள் இருவரிடமோ சங்கத்திடமோ கடிதம் வாங்கிக்கொண்டு போனால் அவருக்கும் கையெழுத்திட ஓர் ஆதாரம் கிடைக்கும்.

இதற்கெல்லாம் மேலாக ஒரு யோசனை. ஒவ்வொரு குழுவிலும் மேஸ்திரியிடம் கணக்கு நோட்டு ஒன்று இருக்கும்: தேதி, லாரி எண், எத்தனை மூட்டை, யார் யாருக்கு எவ்வளவு பங்கு. கூலியைப் பிரித்ததும் அந்த நோட்டைத் தூக்கிப் போட்டுவிடுகிறார்கள். தயவுசெய்து அதைப் பாதுகாத்து வையுங்கள். மாதம் ஒருமுறை அந்தப் பக்கங்களைக் கைபேசியில் படம் எடுத்து வைத்தால் போதும். பதிவு அலுவலர் கேட்டால் காட்டலாம். விபத்து வழக்கு என்று வந்தால் அந்தப் பக்கங்களைப்போல் பேசும் சாட்சி வேறில்லை.

பதிவுக்குக் கட்டணம் எவ்வளவு?

இல்லை. பதிவும் இலவசம், புதுப்பித்தலும் இலவசம். சங்கத்தில் சேர்ந்தால் கட்டும் சந்தா சங்கத்துக்கு உரியது. அதற்கு ரசீது உண்டு. கணினி மையத்தில் விண்ணப்பத்தைப் பதிவேற்றும் கட்டணம் தனி. "அட்டை வாங்கித் தருகிறேன்" என்று ஆயிரக்கணக்கில் கேட்பவருக்கு ஒரு ரூபாய்கூடத் தராதீர்கள்.

அறுவடைக் காலத்தில் மூட்டை தூக்குகிறேன். மற்ற மாதங்களில் வயல் வேலை. எதில் பதிவு செய்வது?

டெல்டாவுக்கே உரிய கேள்வி இது. குறுவை அறுவடையில் செப்டம்பர், அக்டோபர். சம்பா, தாளடி அறுவடையில் ஜனவரி முதல் மார்ச் வரை. கொள்முதல் நிலையத்தில் வேலை குவிவது இந்த மாதங்களில்தான். இடைப்பட்ட காலத்தில் அதே ஆள் நாற்றுப் பறிக்கிறார், வாய்க்கால் வெட்டுகிறார், அல்லது திருப்பூருக்குப் பஸ் ஏறுகிறார்.

விவசாயத் தொழிலாளர்களுக்கும் சிறு, குறு விவசாயிகளுக்கும் வருவாய்த் துறை நடத்தும் முதலமைச்சரின் உழவர் பாதுகாப்புத் திட்டம் 2011 முதல் தனியாக இருக்கிறது. ஒரே உதவியை இரண்டு இடத்திலும் வாங்க முடியாது; இரண்டு அட்டை இருந்தால் ஏதாவது ஒன்றைக் காட்டி மற்றதை நிராகரிப்பார்கள். எனவே ஆண்டில் எந்த வேலையிலிருந்து அதிக வருமானம் வருகிறதோ, எந்த வேலையில் ஆபத்து அதிகமோ, அதைப் பார்த்துத் தேர்ந்தெடுங்கள். குடும்பத்தில் கணவர் ஒன்றிலும் மனைவி மற்றொன்றிலும் அவரவர் வேலைக்கேற்ப இருப்பதில் தவறில்லை. ஆனால் கல்வி உதவியை ஒரே பிள்ளைக்கு இருவரும் கேட்கக் கூடாது.

பெண்கள் மூட்டை தூக்குவதில்லையே, அவர்கள் பதிவு செய்யலாமா?

தூக்குவதில்லை என்று யார் சொன்னது? கொள்முதல் நிலையத்தில் நெல்லைத் தூற்றுபவர்கள், களத்தில் காயவைத்துக் கூட்டி அள்ளுபவர்கள், சாக்கு பிடித்து வாய் தைப்பவர்கள், லாரி போன பிறகு சிந்திய நெல்லைக் கூட்டுபவர்கள் எல்லோரும் யார்? மார்க்கெட்டில் கூடை கூடையாகக் காய்கறி சுமப்பவர்களில் பாதிக்கு மேல் பெண்கள் உள்ள இடங்கள் உண்டு. இவை அத்தனையும் உடலுழைப்பு. பதிவேட்டில் ஆண்களின் பெயரை மட்டும் எழுதிக் கொடுக்கும் பழக்கத்தைக் குழுக்கள் கைவிட வேண்டும். "அவள் என் வீட்டுக்காரி, எனக்கு உதவியாக வருகிறாள்" என்று கணவர் சொல்லும் ஒரு வாக்கியத்தில் அவளுடைய மகப்பேறு உதவியும் முதுமைக் கால ஓய்வூதியமும் போய்விடுகின்றன. அவளுக்குத் தனி விண்ணப்பம், தனிப் பணிச்சான்று, அவள் பெயரில் வங்கிக் கணக்கு என்று மூன்றும் வேண்டும்.

இ-ஷ்ரம் அட்டை வைத்திருக்கிறேன். அது போதாதா?

போதாது. இரண்டும் வேறு. இ-ஷ்ரம் மத்திய அரசு 2021 ஆகஸ்டில் தொடங்கிய நாடு தழுவிய தரவுத்தளம். அதில் 12 இலக்க எண் ஒன்று கிடைக்கும். மாநில நல வாரியத்தின் கல்வி உதவியோ மரண உதவியோ அந்த எண்ணுக்கு வராது. இரண்டிலும் பதிவு செய்து வைப்பதே நல்லது.

40 வயதுக்கு உட்பட்டவர்களுக்கு மற்றொன்றும் இருக்கிறது. மத்திய அரசின் பிரதமர் ஷ்ரம் யோகி மான்தன் திட்டம், 2019-இல் வந்தது. மாத வருமானம் ரூ.15,000-க்குள் இருக்க வேண்டும். சேரும் வயதைப் பொறுத்து மாதம் ரூ.55 முதல் ரூ.200 வரை கட்டினால், அரசும் அதே தொகையைச் செலுத்தும். 60-க்குப் பிறகு மாதம் ரூ.3,000 ஓய்வூதியம். இது விருப்பத் திட்டம். மாதந்தோறும் பிடித்தம் போகும் அளவுக்குக் கணக்கில் பணம் இருக்குமா என்று யோசித்துச் சேருங்கள்.

வாரியத்தில் என்ன கிடைக்கும்?

பிள்ளைகளின் கல்விக்கு உதவி: பள்ளி இறுதி வகுப்புகள், ஐடிஐ, பாலிடெக்னிக், பட்டப்படிப்பு, தொழிற்படிப்பு என்று படிப்புக்கேற்பத் தொகை மாறும், விடுதியில் தங்கிப் படித்தால் கூடுதல். திருமண உதவி, மகப்பேறு மற்றும் கருச்சிதைவு உதவி, மூக்குக்கண்ணாடிக்கான தொகை, விபத்தில் ஊனம் அல்லது மரணம் நேர்ந்தால் உதவி, இயற்கை மரண உதவி, ஈமச்சடங்குச் செலவு, 60 வயதுக்குப் பிறகு மாத ஓய்வூதியம். தொகைகள் அரசாணைகள் மூலம் அவ்வப்போது உயர்த்தப்படுவதால், கேட்கும் நாளில் நடப்பிலுள்ள பட்டியலை அலுவலகத்தில் வாங்கிப் பாருங்கள்.

பக்கத்து வீட்டுக் கொத்தனாருக்கு அதிகம் தருகிறார்களே என்று பலர் வருந்துகிறார்கள். வருத்தம் நியாயமானது. கட்டுமானத் தொழிலாளர் வாரியத்துக்கு, 1996-ஆம் ஆண்டுச் சட்டம் தொடங்கிவைத்த ஏற்பாட்டின்படி, கட்டடச் செலவில் ஒரு விழுக்காடு நல வரியாக வருகிறது. அதனால் அங்கே நிதி பெரிது. ஒவ்வொரு மூட்டைக்கும் ஒரு சிறு தொகையை நல நிதிக்கு ஒதுக்கச் சொல்லித் தொழிலாளர்கள் கேட்பது பேராசை அல்ல. மூட்டை தூக்கும் முதுகில்தான் இந்த வணிகம் நடக்கிறது.

ஓய்வூதியத்தைப் பொறுத்தவரை ஒன்று: 60 ஆன பிறகு போய்ப் பதிவு செய்து வாங்க முடியாது. ஐம்பதைக் கடந்தவர்கள் இந்த ஆண்டே பதிவு செய்ய வேண்டும். வருவாய்த் துறையின் முதியோர் உதவித்தொகையையும் இதையும் சேர்த்து வாங்க இயலாது.

வேலையில் விபத்து நேர்ந்தால் என்ன செய்வது?

இந்தப் பதிலைக் குழுவில் எல்லோரும் படியுங்கள். படிக்கத் தெரியாதவருக்குப் படித்துக் காட்டுங்கள்.

லாரியின் மேலிருந்து விழுவது, அடுக்கு சரிந்து மூட்டைகள் மேலே விழுவது, ஏற்றத்துக்குப் போட்ட பலகை முறிவது ஆகியவை அடிக்கடி நேரும் விபத்துகள். அடிபட்டவரை அரசு மருத்துவமனைக்குக் கொண்டுபோங்கள். எப்படி அடிபட்டது என்று மருத்துவர் கேட்கும்போது "வழுக்கி விழுந்தார்" என்று மொட்டையாகச் சொல்லாமல், "இன்ன இடத்தில் லாரியில் மூட்டை ஏற்றும்போது விழுந்தார்" என்று சொல்லி, அப்படியே எழுதச் சொல்லுங்கள். காவல் நிலையத்தில் புகார் கொடுங்கள்.

உயிர் போய்விட்டால், அந்தத் துக்கத்திலும் ஒன்றைச் செய்தே ஆக வேண்டும். "உடலை அறுக்க வேண்டாம், வீட்டுக்குக் கொண்டுபோய்விடலாம்" என்று பெரியவர்கள் சொல்வார்கள். முதலாளி தரப்பும் கையில் கொஞ்சம் பணம் கொடுத்து அதையே சொல்லும். முதல் தகவல் அறிக்கையும் பிரேதப் பரிசோதனை அறிக்கையும் இல்லாவிட்டால் அது விபத்து என்று பின்னால் காட்ட முடியாது. இயற்கை மரணக் கணக்கில்தான் வரும். விபத்து மரண உதவிக்கும் அதற்கும் உள்ள இடைவெளி பெரிது. அந்தக் குடும்பத்தின் பத்து ஆண்டுப் பிழைப்பு அந்த ஒரு மாலையில் எடுக்கும் முடிவில் இருக்கிறது. உடன் வேலை செய்தவர்கள்தான் அதை எடுத்துச் சொல்ல வேண்டும்.

வாரிய உதவி ஒரு பக்கம். வேலையளிப்பவர் தர வேண்டிய இழப்பீடு மற்றொன்று; ஒன்றை வாங்கினால் மற்றொன்று போய்விடாது. 1923-ஆம் ஆண்டின் இழப்பீட்டுச் சட்டம் தந்த இந்த உரிமை இப்போது 2020-ஆம் ஆண்டின் சமூகப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்பில் இருக்கிறது. இறப்புக்கு, மாதக் கூலியில் பாதியை வயதுக்குரிய காரணியால் பெருக்கிக் கணக்கிடுகிறார்கள். வயது குறையக் குறையத் தொகை கூடும். இரண்டு ஆண்டுகளுக்குள் கோர வேண்டும். தினக்கூலி என்பதால் இந்த உரிமை இல்லாமல் போகாது. ஒப்பந்ததாரர் மூலம் வேலை வாங்கியிருந்தாலும் முதன்மை வேலையளிப்பவரிடமே கேட்கலாம். அவர் தன் ஒப்பந்ததாரரிடம் பிறகு வசூலித்துக்கொள்ளட்டும். "அவர் குடித்திருந்தார்" என்ற பல்லவியைத் தவறாமல் பாடுவார்கள். இறப்பிலும் நிரந்தர முழு ஊனத்திலும் அந்த வாதம் சட்டப்படி செல்லாது.

மூட்டை தூக்கும்போதே நெஞ்சு வலித்து இறந்தால்?

வாரியம் அதைப் பொதுவாக இயற்கை மரணமாகவே எடுத்துக்கொள்ளும். ஆனால் வேலையின் கடுமையால் இதயம் நின்றது என்று இழப்பீட்டு வழக்கில் வாதிடலாம். அப்படி வாதிட்டு நீதிமன்றங்களில் வென்ற குடும்பங்கள் உண்டு. அன்று எத்தனை மூட்டை ஏற்றினார், எவ்வளவு நேரம் ஓய்வில்லாமல் இருந்தார் என்பதை உடனிருந்தவர்கள் எழுதிக் கொடுக்க வேண்டும்.

விபத்தே இல்லை; ஆனால் கழுத்தும் முழங்காலும் போய்விட்டன. இதற்கு உதவி உண்டா?

இந்த வேலையில் மிகப் பெரிய நோய் இதுதான், மிகக் குறைவாகக் கவனிக்கப்படுவதும் இதுதான். தேய்மானத்தை விபத்தாக யாரும் எழுதுவதில்லை. உலகத் தொழிலாளர் அமைப்பு 1967-இல் தந்த பரிந்துரை, வயதுவந்த ஆண் ஒருவர் தூக்கும் சுமை 55 கிலோவுக்கு மேல் போகக் கூடாது என்கிறது. அரசு கொள்முதல் நிலையத்தில் சிப்பம் 40 கிலோ. சிமென்ட், அரிசி மூட்டைகள் 50 கிலோ. தனியார் வியாபாரத்தில் அதைவிடக் கனமான மூட்டைகள் இன்னும் புழக்கத்தில் இருக்கின்றன. எடை குறைந்தது நல்லதுதான். ஆனால் எண்ணிக்கைக்குக் கூலி என்றிருக்கும்போது, குறைந்த எடையை வேகம் ஈடுகட்டிவிடுகிறது. கொள்முதல் உச்சத்தில் இரவிலும் ஏற்றுகிறார்கள்.

இப்போதைக்குச் செய்யக்கூடியது: அரசு மருத்துவமனையில் காட்டி, வேலையின் தன்மையைக் குறிப்பிட்டுச் சீட்டில் எழுத வைப்பது. தொடர்ந்து தூக்க முடியாத அளவுக்கு உடல் முடங்கினால் முடக்க ஓய்வூதியத்துக்கு விண்ணப்பிக்கும்போது அந்தச் சீட்டுகள் உதவும்.

வாரிய அட்டை இருந்தால் நுகர்பொருள் வாணிபக் கழகத்திலோ இந்திய உணவுக் கழகத்திலோ வேலை நிரந்தரமாகுமா?

ஆகாது. அட்டை நலத் திட்டத்துக்கானது. நிரந்தரம், வருங்கால வைப்பு நிதி, போனஸ் ஆகியவை அந்தந்த நிறுவனத்தோடு சங்கம் பேசியும் வழக்காடியும் பெற வேண்டியவை.

கொள்முதல் நிலையத்தில் விவசாயியிடம் மூட்டைக்கு இவ்வளவு என்று வாங்குகிறார்களே, பதிவு பெற்றவர்களுக்கு அந்த உரிமை உண்டா?

கிடையாது. ஏற்று இறக்குக் கூலியைத் தர வேண்டியது கொள்முதல் செய்யும் கழகம். விவசாயியிடம் வாங்குவதற்கு எந்தப் பதிவும் அனுமதி தருவதில்லை.

இதைச் சொல்லிவிட்டு அடுத்ததையும் சொல்ல வேண்டும். செய்தி வரும்போதெல்லாம் லோடுமேன்களின் முகம்தான் படத்தில் வருகிறது. வசூலாகும் பணம் யார் யார் கைக்குப் போகிறது என்பது விவசாயிக்கும் தெரியும். கழகம் தரும் கூலி உயர்ந்தால், அதுவும் காலதாமதமின்றி வங்கிக் கணக்கில் வந்தால், விவசாயியின் சட்டைப் பையைப் பார்க்கும் தேவை தொழிலாளிக்கு இருக்காது. நெல்லை விளைவித்தவரையும் அதைச் சுமப்பவரையும் மோதவிட்டு, நடுவிலிருப்பவர்கள் தப்பித்துக்கொள்வது எனக்குப் பொறுக்கவில்லை.

கேரளத்தில் அட்டை இருந்தால் வேலையே உறுதி என்கிறார்களே?

அங்கே சட்டத்தின் அமைப்பு வேறு. 1978 சட்டப்படி ஒரு நிறுவனத்தோடு இணைந்தவர், எதனோடும் இணையாதவர் என்று பிரித்துத் தலைச்சுமைத் தொழிலாளர்களைப் பதிவு செய்கிறார்கள். அந்தப் பகுதியின் ஏற்று இறக்கு வேலையில் பதிவு பெற்றவருக்கு இடம் உண்டு. மகாராஷ்டிரத்தில் மாத்தாடி வாரியத்தில் வணிகரும் பதிவு செய்ய வேண்டும். கூலியையும் அதற்கு மேல் கூலியில் குறிப்பிட்ட விழுக்காட்டை வரியாகவும் வாரியத்தில் கட்டுகிறார். வாரியம் தொழிலாளிக்குக் கூலியும் வைப்பு நிதியும் பணிக்கொடையும் தருகிறது. தமிழ்நாட்டுச் சட்டத்திலும் வேலையை ஒழுங்குபடுத்தும் எண்ணம் பெயரிலேயே இருக்கிறது. நடைமுறையில் நாம் உதவித்தொகை வழங்குவதோடு நின்றுவிட்டோம். மூட்டைக் கூலி வாரியத்தின் வழியாக வரும் ஏற்பாட்டைத் திருச்சி காந்தி மார்க்கெட் போன்ற பெரிய இடங்களிலாவது தொடங்கிப் பார்க்கலாம் என்பது என் கருத்து.

இங்கு பெற்ற அட்டையைக் காட்டிக் கேரளத்தில் மூட்டை தூக்க முடியாது. அங்கே தனியாகப் பதிவு செய்ய வேண்டும்.

புதிய தொழிலாளர் சட்டத் தொகுப்புகள் வந்துவிட்டன. பழைய அட்டை செல்லுமா?

செல்லும். நான்கு தொகுப்புகளும் 2025 நவம்பர் 21 அன்று நடைமுறைக்கு வந்தன. அவற்றில் சமூகப் பாதுகாப்புத் தொகுப்பு நீக்கியவை ஒன்பது மத்தியச் சட்டங்கள். 2008-ஆம் ஆண்டின் அமைப்புசாராத் தொழிலாளர் சட்டமும் அதில் அடக்கம். மாநிலத்தின் 1982 சட்டம் அந்தப் பட்டியலில் இல்லை. "பழைய அட்டை ரத்து, புதிதாக எடுக்கப் பணம் கொடு" என்று யாராவது வந்தால் நம்பாதீர்கள்.

புதுப்பிக்காமல் விட்டுவிட்டேன். என்ன ஆகும்?

ஐந்து ஆண்டுகளுக்கு ஒருமுறை புதுப்பிக்க வேண்டும். காலம் கடந்த அட்டையோடு உதவி கேட்டால் மறுப்பார்கள். வெளியூர் வேலைக்குப் போயிருக்கும்போதுதான் பெரும்பாலும் தேதி தவறுகிறது. குழுவில் படித்த ஒரு பிள்ளையிடம் எல்லோருடைய காலாவதித் தேதிகளையும் எழுதி வைக்கச் சொல்லுங்கள். புதுப்பிக்கும்போது நியமனதாரர் பெயரையும் பாருங்கள். திருமணத்துக்கு முன் தாயின் பெயரைக் கொடுத்து, தாய் காலமாகி, பெயரை மாற்றாமலே இருப்பவர்கள் பலர். அந்த நிலையில் மனைவி வட்டாட்சியர் அலுவலகத்தில் வாரிசுச் சான்றுக்கு அலைய வேண்டியிருக்கும்.

வடமாநிலத் தொழிலாளர்கள் எங்கள் ஆலையில் மூட்டை தூக்குகிறார்கள். அவர்கள்?

இ-ஷ்ரம் பதிவை அவர்கள் எந்த மாநிலத்திலிருந்தும் செய்யலாம். விபத்து இழப்பீட்டு உரிமை உங்களுக்கு உள்ளதுபோலவே அவர்களுக்கும் உண்டு. மொழி தெரியாததால் அவர்கள் பெயர் எந்த நோட்டிலும் ஏறுவதில்லை. உங்கள் குழு நோட்டில் அவர்கள் பெயரையும் எழுதுங்கள்.

விண்ணப்பத்தை நிராகரித்துவிட்டார்கள், காரணமும் புரியவில்லை.

நிராகரிப்புக் காரணத்தை எழுத்தில் கேளுங்கள். பெரும்பாலும் மங்கலான நகல், பெயரின் முன்னெழுத்து மாறியிருப்பது, தெளிவில்லாத பணிச்சான்று போன்றவைதான் காரணமாக இருக்கும்; திருத்தி மீண்டும் அனுப்பலாம். பதிலே வராவிட்டால் விண்ணப்ப எண்ணோடு தொழிலாளர் உதவி ஆணையர் அலுவலகத்துக்கு நேரில் செல்லுங்கள். அங்கும் நகரவில்லை என்றால் திங்கட்கிழமை நடக்கும் மக்கள் குறைதீர் கூட்டத்தில் மாவட்ட ஆட்சியரிடம் மனு கொடுத்து, மனு எண் பெற்றுக்கொள்ளுங்கள். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் "என் விண்ணப்பத்தின் மீது எந்தத் தேதியில் என்ன நடவடிக்கை எடுக்கப்பட்டது" என்று ஒரே கேள்வியாகக் கேட்டால் 30 நாட்களுக்குள் பதில் தர வேண்டும். தனியாகப் போகாதீர்கள். இரண்டு மூன்று பேராக, நிராகரிக்கப்பட்ட எல்லோருடைய விண்ணப்ப எண்களையும் ஒரே தாளில் எழுதி எடுத்துச் செல்லுங்கள்.